முகம் சுளிக்காதவர்களுக்கு ஒரு மிட்டாய்

கோயிலைப் பார்க்க வருகிறவர்கள் முதலில் கேட்பது செருப்பைப் பற்றித்தான். கழற்ற வேண்டுமா, போட்டுக்கொண்டே வரலாமா என்று. கோயிலுக்குள் கழற்றிவிட்டு வாருங்கள், பக்கத்தில் மருந்துக்கடைக்குப் போகும்போது மறக்காமல் மாட்டிக்கொள்ளுங்கள் என்று சொல்வேன். மருந்துக்கடை மிகப் பழசு. எவ்வளவு பெருக்கினாலும் தரைப்பலகை இடுக்கில் கண்ணாடிச் சில்லு கிடக்கும். நான் சுற்றிக் காட்டிய காலத்தில் அங்கே ஒருவர் காலிலும் சில்லு ஏறியதில்லை. இதை முதலில் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது, ஐயா.

என் பெயர் செபாஸ்டின். கடலூர் முதுநகரில் உப்பனாற்றங்கரை மாதா கோயிலையும், அதை ஒட்டியிருக்கிற சாமியார் மருந்துக்கடையையும் வெளியூர்க்காரர்களுக்குச் சுற்றிக் காட்டுவது என் வேலை. அந்த மருந்துக்கடையில் சவரியம்மாளும், திட்டக்குடியிலிருந்து பள்ளிக்கூடச் சுற்றுலா வந்த வெண்மதி என்கிற பெண்ணும் கசாயம் குடித்துச் செத்துப்போனார்கள். அந்த வழக்கில் என் பெயருக்கு நேராக ‘கவனக்குறைவு’ என்று எழுதியிருக்கிறீர்கள். பேப்பரிலும் அப்படியே போட்டார்கள். வழிகாட்டி மருந்துப் புட்டியை மாற்றி வைத்துவிட்டான் என்று ஊரே பேசுகிறது. ஜாமீனில் வெளியே வந்து சில வாரம் அந்த வார்த்தையோடு இருந்து பார்த்தேன். முடியவில்லை. அதனால் நானே வந்தேன். யாரும் கூட்டிவரவில்லை, யாரும் அடிக்கவில்லை. டீ வாங்கிக் கொடுத்தீர்கள். அதையும் எழுதிக்கொள்ளலாம்.

என் அப்பா துறைமுகத்தில் மூட்டை ஏற்றினவர். அம்மா இறால் உரித்தாள். எங்கள் தெருவில் ஒருவன் நல்லவனா கெட்டவனா என்று யாரும் பார்ப்பதில்லை. கை நிற்குமா நிற்காதா என்றுதான் பார்ப்பார்கள். தூக்கினதைக் கீழே போடாத கைக்கு நாளைக்கும் வேலை உண்டு. போட்ட கைக்குக் கிடையாது. அப்பா கட்டிய மூட்டைக் கட்டு ஒருநாள் அந்தரத்தில் அவிழ்ந்து, கீழே நின்ற கொளஞ்சியப்பன் என்கிறவர் மேல் விழுந்தது. கயிறு நைந்திருக்கிறது என்று அப்பா காலையிலேயே மேஸ்திரியிடம் சொல்லியிருந்தார். மேஸ்திரி அப்படி யாரும் என்னிடம் சொல்லவில்லை என்றார். அஜாக்கிரதை என்று பேசி முடித்தார்கள். அதற்குப் பிறகு அப்பாவை ஒருவரும் வேலைக்குக் கூப்பிடவில்லை. கூப்பிடாதவர்களை நான் குறை சொல்லமாட்டேன். நானாக இருந்தாலும் கூப்பிட்டிருக்கமாட்டேன். அவர் குடித்தார், ஒரு மழைக்காலத்தில் செத்தார். நடக்காத விஷயம் ஒன்றும் இல்லை.

நான் ஆறாவதோடு நின்றேன். போட்டுகளுக்கு ஐஸ் தூக்கினேன். பண்ருட்டிப் பக்கம் முந்திரிக் கொட்டை உடைத்தேன், உள்ளங்கைத் தோல் கழன்று வந்தது. சுனாமி வந்த அன்றைக்குக் கோயில் மைதானத்தில் பிணங்களை வரிசையாகக் கிடத்தினார்கள். தூக்க ஆள் போதவில்லை. நான் தூக்கினேன். பெரியவர்களை இரண்டு பேர் பிடிப்போம், குழந்தைகளை நான் ஒருவனே கொண்டுவந்து போடுவேன். பங்குச் சாமியார் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். எதையும் நழுவவிடாமல் கொண்டுவந்தாய் என்று பிறகு சொன்னார். கோயிலில் வாட்ச்மேன் வேலை கொடுத்தார். அப்புறம் ஒரு அறக்கட்டளை வந்து, சிதம்பரத்துக்கும் பிச்சாவரத்துக்கும் போகிற சுற்றுலா பஸ்கள் இங்கேயும் நின்று போகட்டும் என்று ஏற்பாடு செய்தது. சுற்றிக் காட்ட ஆள் வேண்டும் என்றார்கள். சொல்ல வேண்டியதை எனக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். நான் ஒரு வார்த்தை பிசகாமல் சொன்னேன்.

மருந்துக்கடையைப் பற்றி. பல தலைமுறைக்கு முன்னால் ஒரு வெள்ளைக்காரச் சாமியார் ஏழைகளுக்காகத் திறந்தது. கூரை வரைக்கும் தேக்கு அலமாரி, அதில் கண்ணாடிப் புட்டிகள், பீங்கான் ஜாடிகள், பித்தளைத் தராசு. மூலையில் பூட்டுப் போட்ட சின்ன அலமாரி ஒன்று, விஷ அலமாரி. மண்டை ஓடு படம் ஒட்டிய புட்டிகள் அதில் இருக்கும். பிள்ளைகள் முண்டியடித்துப் பார்ப்பது அதைத்தான். காலி செய்துவிடலாம் என்று சாமியார் சொன்னார். பார்க்கிறவர்களுக்கு அதுதான் பிடிக்கிறது, இருக்கட்டும் என்றது அறக்கட்டளை. சாவி என் அரைஞாணில் இருந்தது. அது என்னைவிட்டு ஒருநாளும் போனதில்லை.

சவரியம்மாள் அங்கே கடைசியாக வேலை பார்த்த கம்பவுண்டரின் மகள். கல்யாணம் ஆகவில்லை. கடையின் பின்கட்டில் இரண்டு அறை, சாகிற வரைக்கும் இருந்துகொள்ளலாம் என்று கோயிலில் எழுதிக் கொடுத்திருந்தார்கள். எழுபதைத் தாண்டியும் பல் விழவில்லை, குரலும் விழவில்லை. வருகிறவர்கள் என்னைவிட அவளைத்தான் ஞாபகம் வைத்துக்கொண்டு போவார்கள்.

சுற்றிக் காட்டி முடிக்கும்போது ஒரு வழக்கம் இருந்தது. அவள் கண்டுபிடித்தது. நான் தினமும் காலையில் நிலவேம்புக் கசாயம் காய்ச்சி, காய்ச்சல் மருந்து என்று பழைய எழுத்தில் எழுதின பச்சைக் கண்ணாடிப் பாட்டிலில் ஊற்றி அலமாரியில் வைப்பேன். கூட்டம் உள்ளே வந்ததும் அதை எடுத்து அவள் முன்னால் மேசையில் வைக்க வேண்டும். அவள் ஒரு கரண்டி வாங்கிக் குடிப்பாள். நிலவேம்பு எப்படிக் கசக்கும் என்று உங்களுக்குத் தெரியும். அவள் முகத்தில் ஒரு கோடு அசையாது.

“இத குடிச்சித்தான் ஒங்க பாட்டன் பூட்டனுக்கெல்லாம் காய்ச்சல் போச்சி,” என்பாள். “யாரு குடிக்கறீங்க? மூஞ்சி சுளிக்கக் கூடாது. சுளிக்காம குடிக்கறவுங்களுக்கு ஆரஞ்சு முட்டாயி. சுளிச்சா கெடையாது, பாத்துக்கோங்க.”

கரண்டியைத் துடைத்து அடுத்த ஆளுக்கு ஊற்றிக் கொடுப்பது என் பொறுப்பு. மிட்டாயும் நான்தான் கொடுக்க வேண்டும். பெரியவர்கள் பெரும்பாலும் சிரித்துவிட்டு நகர்ந்துவிடுவார்கள். பிள்ளைகளில் யாராவது ஒன்று முன்னால் வரும்.

இன்னொரு வழக்கமும் இருந்தது. நான் பாட்டிலை அலமாரியிலிருந்து எடுக்கும்போது அவள் சொல்வாள்: “டேய் செபாஸ்டினு, பாத்து எடுரா. ஒங்கப்பன் கை ஒனக்கு.”

வந்தவர்கள் என்ன என்று கேட்பார்கள். அவளும் சொல்வாள். “இவுங்கப்பன் ஆர்பர்ல மூட்ட ஏத்துனவன். கட்டத் தெரியாம கட்டி ஒருத்தன் மேல வுட்டுட்டான். எங்கப்பாதான் பாத்தாரு. இந்தா, இந்த பெஞ்சிலதான் படுக்க வச்சாங்க. இடுப்புக்குக் கீழ மாவு.” எல்லாரும் அந்தப் பெஞ்சைப் பார்ப்பார்கள். சிலர் போட்டோ எடுப்பார்கள். அறக்கட்டளைக்காரர் ஒருமுறை அதைக் கேட்டுவிட்டு, நன்றாக இருக்கிறது, தினமும் சொல்லுங்கள் என்றார். அதிலிருந்து தினமும் சொன்னாள். நான் பாட்டிலை வைத்துக்கொண்டு நிற்பேன். பெஞ்சைத் துடைப்பதும் நான்தான்.

இதனால் எனக்குக் கோபம் இருந்தது என்று நீங்கள் எழுத வேண்டாம். அவள் பொய் சொல்லவில்லை. அவளுக்கு என்ன சொன்னார்களோ அதைத்தான் சொன்னாள். என் காரணம் வேறு. எனக்கு வீடு வேண்டியிருந்தது.

தானே புயலில் எங்கள் வீடு போனது. வீடு என்றால் ஓலைதான். சுவர் மட்டும் நின்றது, அதுவும் அடுத்த மழையில் உட்கார்ந்துவிட்டது. நிவாரணத்தில் கொடுத்த தார்ப்பாயைக் கட்டிக்கொண்டு நானும் என் மனைவி ஜோதி மேரியும் இரண்டு பெண்களும் ஒரு வருஷமாக அதற்கடியில் இருந்தோம். பெரியவள் வயதுக்கு வந்தது அதற்கடியில்தான். சாமியாரிடம் போய், பின்கட்டில் ஒரு அறை கொடுங்கள் என்று கேட்டேன். சவரியம்மாள் காலத்துக்குப் பிறகு பார்ப்போம் செபாஸ்டின் என்றார். அவர் தப்பாக எதுவும் சொல்லவில்லை. நான் திரும்பி வந்து யோசித்தேன். அவளுக்குப் பிள்ளை இல்லை, குட்டி இல்லை. அவள் இருப்பதால் யாருக்கும் ஆகப்போவது ஒன்றும் இல்லை. எங்கள் பக்கம் நான்கு பேர். ஒரு பாரத்தை எந்தப் பக்கம் இறக்குவது என்று பார்ப்பதுபோலத்தான் பார்த்தேன்.

நாளையும் பார்த்துத்தான் தேர்ந்தேன். அன்றைக்குக் காலையில் சென்னையிலிருந்து ஓய்வுபெற்ற பேங்க் அதிகாரிகள் வருவதாக இருந்தது. அந்த மாதிரி ஆட்கள் வெளியிடத்தில் தண்ணீர்கூடக் குடிக்கமாட்டார்கள், பையில் பாட்டில் வைத்திருப்பார்கள். ஆகவே சவரியம்மாள் ஒருத்திதான் குடிப்பாள். வயசான உயிர், நாற்காலியில் உட்கார்ந்தபடி போகும், யாரும் அறுத்துப் பார்க்கமாட்டார்கள். திட்டக்குடிப் பள்ளிக்கூடம் மத்தியானத்துக்குமேல்தான் வர வேண்டும், பிச்சாவரத்தில் படகு பார்த்துவிட்டு. அதற்குள் பாட்டிலைக் கழுவி, வேறு கசாயம் காய்ச்சி ஊற்றிவிடலாம். அதற்கென்று நிலவேம்புப் பொடி தனியாக எடுத்து வைத்திருந்தேன். இவ்வளவும் யோசித்த ஆளைப் பார்த்துக் கவனக்குறைவு என்கிறீர்கள்.

விஷ அலமாரியைத் திறந்து எந்தப் புட்டியை எடுத்தேன் என்பது உங்கள் ஆய்வகத்தாருக்குத் தெரிந்திருக்கும். பெயர் இங்கே வேண்டாம். கசாயத்தில் கலந்துவிட்டு, எடுத்ததை அதே இடத்தில், அதே பக்கம் திருப்பி வைத்துப் பூட்டினேன்.

அன்றைக்குக் கடலில் புயல் சின்னம். துறைமுகத்தில் கூண்டு ஏற்றியிருந்தார்கள். பிச்சாவரத்தில் படகு விடவில்லை. மழையைப் பார்த்துவிட்டுச் சென்னைக்காரர்கள் கிளம்பவே இல்லை. அது எனக்குத் தெரியாது. வாசலில் பஸ் சத்தம் கேட்டு அவர்கள்தான் என்று வெளியே வந்தேன். பிள்ளைகள் இறங்கிக்கொண்டிருந்தார்கள். தேவநாதன் என்று ஒரு வாத்தியார், நனைந்த தலையைக் கைக்குட்டையால் துடைத்துக்கொண்டே வந்தார்.

“சார், போட்டு கெடையாதுன்னுட்டாங்க. அதான் மதியத்துக்குப் பதிலா இப்பவே பாத்துட்டுப் போயிர்றோம். பஸ்ஸுலயே வச்சிருந்தா பசங்க எங்க உசுர எடுத்துருதுங்க.”

வாங்க சார் என்றேன். வேறென்ன சொல்வது.

செருப்பைக் கழற்றச் சொன்னேன். வரிசையாகக் கழற்றிவிட்டார்கள். ஒரு பெண் மட்டும் தன் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டுபோய்த் தூணுக்குப் பின்னால் ஒளித்து வைத்தாள். ஊதாப் பூ வைத்த புதுச் செருப்பு. “என்னாத்துக்கு ஒளிச்சி வெக்கிற, இங்க யாரும் எடுக்க மாட்டாங்க,” என்றேன். “இதுங்கதான் அண்ணா எடுக்கும். போன டூர்ல மாத்திப் போட்டுக்கினு போயிட்டா ஒருத்தி,” என்று கூட்டத்தைக் காட்டினாள். அதுதான் வெண்மதி. அப்போது பெயர் தெரியாது.

கோயிலைச் சுற்றிக் காட்ட நேரம் பிடிக்கும். அந்த நேரம் முழுவதும் மருந்துக்கடை ஒரு கூப்பிடு தூரத்தில்தான் இருந்தது. பிரசங்க மேடையைக் காட்டினேன், ஒரே மரத்தில் செதுக்கினது. தரையில் இருக்கிற கப்பல்காரன் கல்லறையைக் காட்டினேன். கால் படக் கூடாதா என்று ஒருவன் கேட்டான், பட்டால் ஒன்றும் இல்லை, அவரே கேட்டுப் புதைத்துக்கொண்ட இடம் என்று எப்போதும் சொல்வதைச் சொன்னேன். சிரித்தார்கள். மணிக்கூண்டில் கயிற்றைத் தொட்டுப் பார்க்க ஒவ்வொருவரையும் விட்டேன். அது போதுமான நேரம். நான் போய்ப் பாட்டிலைக் கொட்டிவிட்டு வந்திருக்கலாம். ஆனால் சவரியம்மாள் அதற்கு முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பாள். என்னடா கொட்டுகிறாய் என்பாள். மாற்றி ஊற்றிவிட்டேன் என்று சொல்ல வேண்டும்.

சொல்லியிருக்கலாமே என்று உங்கள் முகத்தில் தெரிகிறது. அந்த ஒரு வார்த்தைதான். அதைச் சொல்லியிருந்தால் அன்றைக்கு ஒருவருக்கும் ஒன்றும் ஆகியிருக்காது. எனக்கும் ஒன்றும் ஆகியிருக்காது, தவறு நடக்கிறதுதானே என்று விட்டிருப்பார்கள். ஆனால் மறுநாளிலிருந்து அது அவள் வாயில் இருக்கும். பெஞ்சைக் காட்டிச் சொன்ன பிறகு பாட்டிலைக் காட்டி, இவனும் ஒருநாள் என்று ஆரம்பிப்பாள். வருகிற பஸ்ஸுக்கெல்லாம் சொல்வாள். நான் பக்கத்தில் நிற்க வேண்டும்.

மழை விட்டிருந்தது. கரண்ட் இல்லை, அந்த மாதத்தில் எப்போது இருந்தது. மருந்துக்கடைக்குள் இரண்டு ஜன்னல் வெளிச்சம்தான். செருப்பைப் போட்டுக்கொண்டு வரச் சொன்னேன். எல்லாரும் போட்டார்கள். உள்ளே வந்து பார்த்தால் அந்தப் பெண் வெறுங்காலோடு நிற்கிறாள்.

“செருப்பு எங்கம்மா? கண்ணாடி கெடக்கும், குத்திரும்.”

“போறப்ப எடுத்துக்கறேன் அண்ணா.”

அலமாரிக்கு அடியிலிருந்த சாக்கை உதறி அவள் காலுக்குக் கீழே விரித்தேன். இதைவிட்டு இறங்காதே என்றேன். அவளும் இறங்கவில்லை.

தராசைக் காட்டினேன், ஜாடிகளைக் காட்டினேன், விஷ அலமாரியைப் பூட்டியபடியே காட்டினேன். பிறகு பச்சைப் பாட்டிலை எடுக்கக் கையை நீட்டினேன். “பாத்து எடுரா, ஒங்கப்பன் கை ஒனக்கு,” என்றாள் சவரியம்மாள். பிள்ளைகள் என்ன பாட்டி என்று கேட்டன. பெஞ்சுக் கதையைச் சொன்னாள். இடுப்புக்குக் கீழ மாவு என்றதும் ஒரு பையன் வாயைப் பொத்திக்கொண்டான். அவள் சொல்லி முடிக்கும்வரை பாட்டில் என் கையில்தான் இருந்தது.

ஒரு கரண்டி ஊற்றிக் கொடுத்தேன். குடித்தாள். கொஞ்சம் நிறுத்தினாள். “என்னாடா, இன்னிக்கித் தூக்கலாக் காச்சிட்ட?”

“நேத்து ராத்திரியே ஊறவச்சது பெரியம்மா.”

“நல்லாத்தான் இருக்கு,” என்று பிள்ளைகள் பக்கம் திரும்பினாள். “யாரு குடிக்கறீங்க? மூஞ்சி சுளிக்கக் கூடாது.”

“பாட்டி, வெண்மதி குடிப்பா. அவ பாவக்காவப் பச்சையாத் துன்னுவா,” என்றான் ஒரு பையன்.

“போடா, நீ குடி. பஸ்ஸுல அவ்ளோ பேச்சு பேசுன.”

“பயந்துட்டா, பயந்துட்டா.”

“யாருக்குப் பயம்? அண்ணா, ஊத்துங்க.”

“வாடி எந் தங்கம்,” என்றாள் சவரியம்மாள். “ஆளு இத்துனூண்டு, வாயப் பாரு. இந்தக் கழுதைங்களுக்குக் காட்டு நீ யாருன்னு.”

தேவநாதன் வாத்தியார் செல்போனைத் தூக்கிப் பிடித்தார், படம் எடுக்க. கரண்டியைத் துடைத்தேன். அரைக் கரண்டிதான் ஊற்றினேன். அதை எழுதிக்கொள்ளுங்கள், முழுக் கரண்டி இல்லை. வழக்கமாகப் பிள்ளைகளுக்கும் முழுசாகத்தான் ஊற்றுவேன்.

குடித்தாள். கண்ணில் தண்ணீர் கோத்தது. ஆனால் முகம் மாறவில்லை. “கசக்கவே இல்ல,” என்று அந்தப் பையனைப் பார்த்துச் சொன்னாள். எல்லாரும் கை தட்டினார்கள். நான் மிட்டாய் டப்பாவைத் திறந்து ஒரு ஆரஞ்சு மிட்டாய் எடுத்துக் கொடுத்தேன். சுளிக்காமல் குடித்தால் மிட்டாய். அதுதானே சொன்னது.

இன்னொரு பிள்ளை கேட்டது. தீர்ந்துவிட்டது என்று பாட்டிலை உள்ளே கொண்டுபோய்விட்டேன். அதையும் நீங்கள் எழுதிக்கொண்டால் நல்லது.

தூறல் விழ ஆரம்பித்ததும் பிள்ளைகள் மருந்துக்கடை வாசலிலிருந்து நேராக பஸ்ஸுக்கு ஓடினார்கள். வெண்மதியை வாத்தியார் முதுகில் தட்டிக்கொண்டே கூட்டிப்போனார். பஸ் சிதம்பரம் ரோட்டில் திரும்பியது.

சவரியம்மாளுக்குச் சீக்கிரமே கால் இழுத்தது. நாற்காலியின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டாள். தண்ணீர் கேட்டாள், கொடுத்தேன், விழுங்க முடியவில்லை. மோவாயைத் துடைத்துவிட்டேன். அவள் என்னைப் பார்த்தாள். மருந்துக்கடையில் பிறந்து வளர்ந்தவள், அவளுக்கு விளங்கிவிட்டது.

“பாட்டில மாத்திட்டியாடா, பாவி.”

“இல்ல பெரியம்மா,” என்றேன். “சரியாத்தான் எடுத்தேன்.”

அதற்குப் பிறகு அவள் பேசவில்லை. கண் மட்டும் ஜன்னல் பக்கம், பஸ் போன திசைக்குப் போய்வந்தது. பிள்ளையைச் சொல்கிறாள் என்று தெரிந்தது.

வாத்தியாருடைய நம்பர் என்னிடம் இருந்தது. சுற்றுலாவுக்குச் சொல்லிவைத்தபோது கொடுத்திருந்தார். செல்லை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பஸ் அப்போது ஆலப்பாக்கம் தாண்டியிருக்காது. வழியில் எங்கேயாவது நிறுத்தி உப்புத் தண்ணீர் கொடுத்து, சிதம்பரத்தில் பெரிய ஆஸ்பத்திரிக்கு ஓட்டிப் போயிருந்தால் பிழைத்திருப்பாளோ என்னவோ. போன் செய்து என்ன சொல்வது என்று பார்த்தேன். சார், பாட்டில் மாறிப்போச்சு. அதைத்தான் சொல்ல வேண்டியிருந்தது. வாய்க்குள் சொல்லிப் பார்த்தேன். மேஸ்திரி முன்னால் அப்பா நின்றது ஞாபகம் வந்தது. செல்லைச் சட்டைப்பைக்குள் போட்டுவிட்டுக் கரண்டியைக் கழுவப் போனேன்.

புதுச்சத்திரம் பக்கத்தில் வாந்தி எடுத்தாளாம். பஸ் ஒத்துக்கொள்ளவில்லை என்று நினைத்தார்களாம். சிதம்பரத்தில் இறக்கும்போது முடிந்துவிட்டது. நீங்கள்தான் சொன்னீர்கள்.

சாயங்காலம் கோயிலைப் பூட்டும்போது தூணுக்குப் பின்னால் அந்தச் செருப்பு இருந்தது. விட்டுப்போன பொருட்களை வைக்கிற பெட்டியில், நனையாமல் இருக்கட்டும் என்று பிளாஸ்டிக் பையில் சுற்றி வைத்தேன். இன்னும் அங்கேதான் இருக்கும். அவள் காலில் சில்லு ஏறவில்லை. அதை அவள் அம்மாவிடம் சொல்ல நினைத்தேன், சவக்கிடங்கு வாசலில் அந்த அம்மா இருந்த இருப்பில் சொல்ல முடியவில்லை.

இரண்டு சாவு என்றதும் நீங்கள் வந்தீர்கள், அலமாரியைத் திறந்தீர்கள். யாருமே வேண்டுமென்று செய்திருப்பான் என்று நினைக்கவில்லை. ஒரு சின்னப் பெண்ணை யார் கொல்வார்கள் என்றார்கள். சாமியார்கூட என் தோளைத் தொட்டு, “உன் கவனம் எங்கேயோ போயிடுச்சு செபாஸ்டின், ஆண்டவர் மன்னிப்பார்,” என்றார். மருந்துக்கடையை மூடி முத்திரை வைத்துவிட்டார்கள். பின்கட்டையும் சேர்த்துத்தான். ஜோதி மேரியும் பிள்ளைகளும் இன்னும் தார்ப்பாய்க்குக் கீழேதான் இருக்கிறார்கள். இந்த மழையில் அது நடுவில் கிழிந்துவிட்டது. தெருவில் என் பெண்களைப் பார்த்தால், பாட்டில மாத்தி வச்சவன் பொண்ணுங்க என்கிறார்கள். வயசானவர்கள் சிலர் என் அப்பாவையும் சேர்த்துக்கொள்கிறார்கள். அந்தக் குடும்பமே அப்படித்தான், கை நிக்காது என்று.

ரைட்டர் ஏதோ கேட்கிறார். ஜோதி மேரி உங்களிடம் சொன்னது உண்மைதான். சவரியம்மாள் அதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து எங்கள் தார்ப்பாய்க்கு வந்திருந்தாள். குனிந்து உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, “ஜோதி, புள்ளைங்களத் தூக்கிக்கினு வந்துருடி. ரெண்டு ரூம வச்சிக்கினு நான் ஒருத்தி என்னா பண்ணப் போறேன்? செத்தா எடுத்துப் போடவும் ஆளு வேணும் இல்ல. சாமிகிட்ட நான் சொல்லிக்கறேன்,” என்றாள். ஜோதி அழுதுவிட்டாள். கிழவி என் பக்கம் திரும்பி, “நீயும் வாடா. வந்து பாட்டில கீட்டிலத் தூக்காத, ஒடச்சிப்புடுவ,” என்று சொல்லிவிட்டுச் சிரித்தாள். பெரிய பெண்ணும் சிரித்தாள். என் பெண்தான், அவளும் கூடச் சிரித்தாள்.

“போயிரலாங்க, அதுக்கு வாய்தான் அப்பிடி, மனசு இல்ல,” என்று ஜோதி சொன்னாள். வேண்டாம் என்றேன்.

அப்படியானால் அறைக்காகச் செய்தேன் என்றது எப்படி என்று கேட்கிறீர்கள். அறைக்காகத்தான். அதில் மாற்றம் இல்லை. அவள் கொடுத்து நான் வாங்குகிற அறை வேறு, நான் சொன்னது வேறு.

கடைசியாக ஒன்று. நான் பாட்டிலை வைத்துக்கொண்டு நின்ற நேரத்தில் என்ன நினைத்தேன் என்று கொஞ்ச நேரம் முன்னால் கேட்டீர்கள். இப்போது சொல்கிறேன். கையைக் கொஞ்சம் தளர்த்தினால் போதும் என்று நினைத்தேன். கீழே விழுந்து உடைந்திருக்கும். பிள்ளைகள் ஓவென்று கத்தியிருப்பார்கள், கிழவி திட்டியிருப்பாள், நான் குனிந்து கண்ணாடி பொறுக்கியிருப்பேன். சிதம்பரத்துக்குப் போன பஸ்ஸில் எல்லாரும் பத்திரமாக இறங்கியிருப்பார்கள். அந்த நேரத்தில் அவள் பெஞ்சைக் காட்டிப் பேசிக்கொண்டிருந்தாள். நான் பாட்டிலை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன்.

ஆகவே அந்த வார்த்தையை அடித்துவிடுங்கள், ஐயா. வேறு எதை வேண்டுமானாலும் எழுதிக்கொள்ளுங்கள். அடித்த இடத்தில் நான் கையெழுத்துப் போடுகிறேன். என் கை நிற்கும்.